நாற்பத்தேழுக்குள் என்ன இருக்கிறது? இலக்கக் கணக்குகளுக்கு ஓர் எளிய அறிமுகம்

ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் அக்கா மகள் ஒரு சனிக்கிழமை நோட்டைத் தூக்கிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். கணக்கு இதுதான்: "ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 11. இலக்கங்களை இடம் மாற்றினால் கிடைக்கும் எண், முதல் எண்ணைவிட 27 அதிகம். அந்த எண் யாது?"

அவள் முதல் இலக்கத்தை எக்ஸ் என்றும் இரண்டாவதை ஒய் என்றும் வைத்துக்கொண்டாள். இரண்டையும் கூட்டினால் 11. இதுவரை சரி. அடுத்த வரியில் 'ஒய்எக்ஸ் கழித்தல் எக்ஸ்ஒய் சமம் 27' என்று எழுதியிருந்தாள். அங்கேயே பேனா நின்றுவிட்டது.

"ரெண்டும் ஒண்ணுதானே மாமா? கழிச்சா பூஜ்யம் வருது. பூஜ்யம் எப்படி 27 ஆகும்?"

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இயற்கணிதத்தில் அவள் துளியும் தப்பு செய்யவில்லை. எக்ஸையும் ஒய்யையும் எந்த வரிசையில் பெருக்கினாலும் ஒரே விடைதான், கழித்தால் பூஜ்யம்தான். இடறியது அதற்கு முந்தைய படியில். 'எண்' என்று கணக்கு சொன்னதை அவள் எழுத்தில் எழுதிய விதம் தப்பு. இந்த இடத்தில் சறுக்குவது பள்ளிப் பிள்ளைகள் மட்டும் இல்லை. போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பெரியவர்கள் பலர் இந்த வகைக் கணக்கைப் பார்த்தவுடன் நான்கு விடைகளையும் ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்துத் தப்பித்துக்கொள்கிறார்கள். விடைகள் கண்முன்னே இருக்கும்வரை அது ஓடும்.

எண் வேறு, இலக்கம் வேறு

பேச்சில் நாம் இரண்டையும் கலந்துதான் சொல்கிறோம். 'பத்து இலக்க போன் நம்பர்' என்கிறோம். அதே மூச்சில் 'கடைசி நம்பர் ஏழா?' என்றும் கேட்கிறோம். கடைசியில் இருப்பது நம்பர் இல்லை, இலக்கம்.

இலக்கம் என்பது 0 முதல் 9 வரையுள்ள பத்துக் குறிகளில் ஒன்று. எண் என்பது அந்தக் குறிகளை வரிசையாக வைத்து நாம் சொல்லும் அளவு. எழுத்துக்கும் சொல்லுக்கும் உள்ள உறவுதான் இலக்கத்துக்கும் எண்ணுக்கும். குழப்பம் எங்கே வருகிறது என்றால், 'பூ' என்பது ஓர் எழுத்தும்தான், ஒரு சொல்லும்தான். அதுபோல 7 என்பது இலக்கமாகவும் இருக்கும், எண்ணாகவும் இருக்கும். 47 என்று எழுதும்போது ஏழு வெறும் இலக்கம். 'ஏழு வாழைப்பழம்' என்னும்போது அது எண்.

பணமாகப் பார்த்தால் இன்னும் தெளிவு. உங்கள் சட்டைப் பையில் பத்து ரூபாய்த் தாள் நான்கும், ஒரு ரூபாய் நாணயம் ஏழும் இருக்கின்றன. பையில் எவ்வளவு பணம் என்று கேட்டால் 47 ரூபாய். பையில் எத்தனை உருப்படி என்று கேட்டால் 11. முதல் கேள்விக்கான பதில் எண். இரண்டாவது கேள்விக்கான பதில் 'இலக்கங்களின் கூடுதல்'. ஒரே பை, இரண்டு வேறு கேள்விகள்.

இப்போது தாளின் எண்ணிக்கையையும் நாணயத்தின் எண்ணிக்கையையும் இடம் மாற்றுங்கள். ஏழு தாள், நான்கு நாணயம். உருப்படி இன்னும் 11தான், ஆனால் பணம் 74 ஆகிவிட்டது. 'இலக்கங்களை இடம் மாற்றினால்' என்று கணக்கு சொல்வது இதைத்தான். ஏழு அதே ஏழுதான். நாணயமாக இருந்தவரை ஏழு ரூபாய், தாளானதும் எழுபது ரூபாய். ஓர் இலக்கம் தான் நிற்கும் இடத்தால் பெறும் மதிப்புக்குத்தான் இடமதிப்பு என்று பெயர். 47இல் நான்கின் இடமதிப்பு 40, ஏழின் இடமதிப்பு 7.

பெயரிலேயே இருக்கும் பத்து

'நாற்பத்தேழு' என்ற சொல்லைப் பிரித்துப் பாருங்கள். நான்கு, பத்து, ஏழு. நடுவில் பத்து அப்பட்டமாக உட்கார்ந்திருக்கிறது. இருபது, முப்பது, அறுபது எல்லாமே அப்படித்தான். (தொண்ணூறு மட்டும் பிடி கொடுக்காது. ஒன்பது பத்துகளை நூறின் பெயரைச் சேர்த்துச் சொல்கிறோம். அந்தக் கதையை இலக்கண ஆசிரியர்களிடம் விட்டுவிடுவோம்.)

சொல்லில் மட்டும் இல்லை, பழைய தமிழ் எண் எழுத்து முறையிலும் இது வெளிப்படையாகவே இருந்தது. தமிழ் எண்களில் பத்துக்கு ௰, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனித்தனிக் குறிகள் உண்டு. பழைய முறையில் நாற்பத்தேழை எழுதினால் ௪௰௭. நான்கு, பத்து, ஏழு என்று வாயால் சொல்வதை அப்படியே கையால் எழுதுவது. இருநூற்று எழுபத்தைந்து என்றால் ௨௱௭௰௫.

இன்று நாம் எழுதும் 47இல் அந்த ௰ இல்லை. இடமே பத்தைச் சொல்லிவிடுவதால் குறி தேவைப்படவில்லை. எழுதவும் கூட்டவும் பெருக்கவும் இது எவ்வளவோ வசதி. நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பத்து கண்ணிலிருந்து மறைந்ததால் மனத்திலிருந்தும் மறைந்துவிடுகிறது. இலக்கக் கணக்கு போடுவது என்றால், மறைந்த அந்த ௰ஐ மறுபடி வெளியே எடுத்து வைப்பது. வேலையில் பாதி அவ்வளவுதான்.

ஒட்டி எழுதினால் என்ன பொருள்?

இலக்கங்கள் என்னவென்று தெரியாதபோது அவற்றுக்குப் பதிலாக ஓர் எழுத்தைப் போடுகிறோம். அந்த எழுத்துக்கு மாறி என்று பெயர். பாடப்புத்தகம் எக்ஸ், ஒய் என்று வைக்கும். நான் இங்கே பத்துகள் இடத்து இலக்கத்துக்கு 'ப' என்றும் ஒன்றுகள் இடத்து இலக்கத்துக்கு 'ஒ' என்றும் வைத்துக்கொள்கிறேன். எது தாள், எது நாணயம் என்று பெயரே ஞாபகப்படுத்தும்.

இனிதான் அக்கா மகள் சிக்கிய இடம். 4ஐயும் 7ஐயும் ஒட்டி எழுதினால் நாற்பத்தேழு. அந்தப் பழக்கத்தில் ப, ஒ இரண்டையும் ஒட்டி 'பஒ' என்று எழுதத் தோன்றும். ஆனால் இயற்கணிதத்தில் எழுத்துகளை ஒட்டி எழுதினால் பெருக்கல் என்று பொருள். ப என்பது 4, ஒ என்பது 7 என்றால் பஒ என்பது 28. நாற்பத்தேழு இல்லவே இல்லை. பார்வைக்கு ஒன்றுபோலத் தெரியும் இரண்டு வழக்கங்கள், பொருள் வேறுவேறு. இதை யாரும் உட்கார்ந்து சொல்லிக்கொடுப்பதில்லை. 'பத்தால் பெருக்கிக்கோ' என்று ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். ஏன் பத்தால் பெருக்க வேண்டும் என்பது தெரியாமலே பல பேர் பள்ளிப் படிப்பை முடித்துவிடுகிறார்கள்.

நாற்பத்தேழு என்பது நான்கு பத்தும் ஏழு ஒன்றும். ஆகவே எண்ணை இப்படி எழுத வேண்டும்:

எண் = 10ப + ஒ

இடம் மாற்றிய எண் = 10ஒ + ப

இலக்கங்களின் கூடுதல் = ப + ஒ

இலக்கங்களின் பெருக்கற்பலன் = பஒ

இதுவரை வந்ததைச் சுருக்கினால்: 'இலக்கம்' என்று கணக்கு சொன்னால் ப, ஒ என்று வெறுமனே எழுதலாம். 'எண்' என்று சொன்னால் பத்தை வெளியே எடுத்துத்தான் எழுத வேண்டும். வாக்கியத்தில் இந்த இரண்டு சொற்களில் எது இருக்கிறது என்று கவனித்துப் படித்தாலே பாதிக் குழப்பம் ஓடிப்போகும்.

சனிக்கிழமைக் கணக்குக்குத் திரும்புவோம்

சமன்பாடு என்றால் இரண்டு பக்கமும் ஒரே மதிப்பு என்று சொல்லும் வரி. தராசின் இரண்டு தட்டு மாதிரி. நம் கணக்கில் இரண்டு சமன்பாடுகள்.

ப + ஒ = 11

(10ஒ + ப) − (10ப + ஒ) = 27

இரண்டாவதில் அடைப்புகளை உடைத்தால் 9ஒ − 9ப = 27. ஒன்பதால் வகுத்தால் ஒ − ப = 3.

கூடுதல் 11, வித்தியாசம் 3. இரண்டு வரிகளையும் கூட்டினால் ப போய்விடும்: 2ஒ = 14, ஒ = 7, ப = 4. எண் 47. சரிபார்ப்போம்: 74 − 47 = 27. பொருந்துகிறது.

சரிபார்க்கும்போது சமன்பாட்டில் போட்டுப் பார்க்காதீர்கள். கணக்கின் வாக்கியத்தில் போட்டுப் பாருங்கள். சமன்பாட்டையே தப்பாக எழுதியிருந்தால், அதே தப்பான சமன்பாடு 'ஆமாம், சரிதான்' என்று தலையாட்டும்.

இந்த ஒன்பது எங்கிருந்து வந்தது?

மேலே 27ஐ ஒன்பதால் வகுத்தபோது மீதி இல்லாமல் போனது. அது தற்செயல் இல்லை. எந்த ஈரிலக்க எண்ணை எடுத்து இடம் மாற்றிக் கழித்தாலும் விடை ஒன்பதின் மடங்காகத்தான் வரும். 82 − 28 = 54. 91 − 19 = 72. 65 − 56 = 9.

சட்டைப் பைக்குத் திரும்பினால் காரணம் தெரியும். நான்கு தாளும் ஏழு நாணயமும் ஏழு தாளும் நான்கு நாணயமுமாக மாற என்ன நடக்க வேண்டும்? மூன்று நாணயங்கள் மூன்று தாள்களாக மாற வேண்டும். ஒரு நாணயம் தாளாக மாறினால் ஒரு ரூபாய் போய்ப் பத்து ரூபாய் வரும். லாபம் ஒன்பது ரூபாய். மூன்று நாணயத்துக்கு 27 ரூபாய். அந்த மூன்று என்பது இலக்கங்களின் வித்தியாசம். ஆகவே இடம் மாற்றியதால் வந்த வித்தியாசத்தை ஒன்பதால் வகுத்தால், இலக்கங்களின் வித்தியாசம் நேராகக் கையில் விழும். சமன்பாடு எழுதாமலே பாதிக் கணக்கு முடிந்துவிடுகிறது.

படிப்பு முடித்த புதிதில் ஒரு துணிக்கடையில் கொஞ்ச நாள் கணக்கு எழுதினேன். ஒரு நாள் மாலை பேரேட்டுக் கூட்டலுக்கும் கல்லாவுக்கும் 54 ரூபாய் இடித்தது. நான் முதல் வரியிலிருந்து மறுபடி கூட்டத் தொடங்கினேன். பக்கத்தில் இருந்த பெரியவர் எட்டிப் பார்த்து, "54தானே? ஒன்பதால வகுபடுது தம்பி. எங்கேயோ நம்பரைத் திருப்பிப் போட்டிருக்கே. ஆறு வித்தியாசம் இருக்கிற ஜோடியாப் பாரு" என்றார். பார்த்தேன். ஒரு துண்டுச் சீட்டில் 39 என்று இருந்ததைப் பேரேட்டில் 93 என்று ஏற்றியிருந்தேன். கணக்கர்கள் கைவசம் வைத்திருக்கும் பழைய உத்தி இது. வித்தியாசம் ஒன்பதால் வகுபட்டால் திருப்பி எழுதிய பிழையாக இருக்கலாம் என்ற சந்தேகம், அவ்வளவுதான்; உறுதி இல்லை. ஆனாலும் தேடலை எங்கே தொடங்குவது என்று அது காட்டிக்கொடுக்கும். 540 இடித்தால் நூறுகள் இடத்தையும் பத்துகள் இடத்தையும் மாற்றி எழுதியிருப்போமா என்று பார்க்க வேண்டும்.

வயதுக் கணக்கும் இதேதான். அப்பாவுக்கு 52, மகனுக்கு 25. 'நம்ம வயசு திரும்பி நிக்குது பாரு' என்று வீட்டில் சிரிப்பார்கள். இது இன்னொரு முறை நடக்குமா? பதினொரு வருடம் கழித்து 63, 36. இன்னும் பதினொரு வருடத்தில் 74, 47. பதினொன்று கூடினால் தாளும் ஒன்று கூடும், நாணயமும் ஒன்று கூடும். அதனால் ஜோடி கலையாது. பின்னால் போனால் 41, 14. அதற்கும் முன்னால் 30, 03. ஆனால் வயது வித்தியாசம் 27ஆக இல்லாமல் 28 என்றிருந்தால், இருவர் வயதும் ஈரிலக்கத்தில் இருக்கும்வரை ஒரு நாளும் நடக்காது. 28 ஒன்பதின் மடங்கு இல்லை.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 47 ரூபாயில் ஒவ்வொரு தாளிலிருந்தும் ஒன்பது ரூபாயை எடுத்துவிட்டால் தாளுக்கு ஒரு ரூபாய்தான் மிஞ்சும். நான்கு தாளுக்கு நான்கு, நாணயம் ஏழு, ஆகப் பதினொன்று. அதாவது ஒரு எண்ணிலிருந்து அதன் இலக்கங்களின் கூடுதலைக் கழித்தால் ஒன்பதின் மடங்கு வரும். ஓர் எண் ஒன்பதால் வகுபடுமா என்று இலக்கங்களைக் கூட்டிப் பார்க்கச் சொல்வது இதனால்தான். எண் ஜோதிடத்தில் பிறந்த தேதியைக் கூட்டிக்கொண்டே போய் ஒற்றை இலக்கத்தில் நிறுத்துவார்களே, அதுவும் ஒன்பதால் வகுத்தால் வரும் மீதிதான் (மீதி பூஜ்யமானால் 9 என்று வைத்துக்கொள்வார்கள்). 14ஆம் தேதி பிறந்தவருக்கு 5. 14ஐ ஒன்பதால் வகுத்தாலும் மீதி 5. அதற்கு மேல் அந்த எண் உங்களைப் பற்றி என்ன சொல்கிறது என்பதில் எனக்கு நம்பிக்கை இல்லை.

'மடங்கு' என்று வந்தால்

அடுத்த வகை: "ஓர் ஈரிலக்க எண், தன் இலக்கங்களின் கூடுதலைப் போல் 7 மடங்கு. எண்ணிலிருந்து 27ஐக் கழித்தால் இலக்கங்கள் இடம் மாறும். எண் யாது?"

முதல் வாக்கியத்தில் 'எண்'ணும் இருக்கிறது, 'இலக்கங்களின் கூடுத'லும் இருக்கிறது. அதை அப்படியே எழுத்தில் வைத்தால்:

10ப + ஒ = 7(ப + ஒ)

வலப்பக்கம் 7ப + 7ஒ. இரு பக்கமும் குறைத்தால் 3ப = 6ஒ, அதாவது ப = 2ஒ. பத்துகள் இலக்கம் ஒன்றுகள் இலக்கத்தைப் போல இரு மடங்கு. இந்த ஒரு வாக்கியத்துக்கே 21, 42, 63, 84 என்று நான்கு எண்கள் பொருந்துகின்றன. அதனால்தான் இரண்டாவது வாக்கியம் தேவைப்படுகிறது. 27ஐ ஒன்பதால் வகுத்தால் 3. ஆக இலக்கங்களின் வித்தியாசம் 3. நான்கில் அது 63 மட்டும்தான். 7 × 9 = 63; 63 − 27 = 36. சரி.

இங்கே கவனிக்க வேண்டியது 'கழித்தால்' என்ற சொல். 27ஐக் கழித்தால் இடம் மாறுகிறது என்றால் முதல் எண்தான் பெரியது, ஆகவே ப பெரியது. 'கூட்டினால் இடம் மாறும்' என்றிருந்தால் ஒ பெரியது. 'இலக்கங்களின் வித்தியாசம் 3' என்று மொட்டையாகச் சொன்னால் எது பெரியது என்று தெரியாது. இரண்டு விதமாகவும் போட்டுப் பார்த்தாக வேண்டும். கணக்கை எழுதியவர் ஒன்றை மனத்தில் வைத்துக்கொண்டு மற்றதை மறந்துவிடுவதும் உண்டு.

தன் இலக்கக் கூடுதலால் மீதியின்றி வகுபடும் எண்களுக்குத் தனிப் பெயரே இருக்கிறது, ஹர்ஷத் எண்கள். அந்தப் பெயரைச் சூட்டியவர் கப்ரேகர் (1905–1986), மகாராஷ்டிரத்தின் தேவ்லாலியில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். இலக்கங்களோடு விளையாடுவதுதான் அவருடைய வாழ்நாள் வேலை. ராமானுஜனின் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் 1729 ஒரு ஹர்ஷத் எண். 1 + 7 + 2 + 9 = 19. 19ஐத் திருப்பினால் 91. 19 × 91 = 1729. நிதானமாக ஒருமுறை பெருக்கிப் பாருங்கள்.

விடை வந்துவிட்டது, எண் வரவில்லை

சமன்பாட்டைத் தீர்ப்பதோடு வேலை முடிவதில்லை. ப, ஒ இரண்டும் இலக்கங்கள் என்பதையே நாம் மறந்துவிடுகிறோம். இலக்கம் 0 முதல் 9 வரையுள்ள முழு எண்ணாகத்தான் இருக்க முடியும். ஈரிலக்க எண்ணின் முதல் இலக்கம் பூஜ்யமாக இருக்கக் கூடாது. கணக்கு இதை வாய்விட்டுச் சொல்லாது, ஆனால் 'இலக்கம்' என்ற சொல்லுக்குள் இது அடக்கம்.

'இலக்கங்களின் கூடுதல் 9, இடம் மாற்றினால் 36 கூடும்' என்று ஒரு கணக்கு என்று வையுங்கள். ஒ − ப = 4, ஒ + ப = 9. கூட்டினால் 2ஒ = 13, ஒ = 6.5. சமன்பாட்டுக்கு விடை கிடைத்துவிட்டது, ஆனால் ஆறரை என்று ஓர் இலக்கம் கிடையாது. ஆகவே அப்படி ஓர் எண் இல்லை. 'இல்லை' என்பதும் முறையான விடைதான்.

இன்னொரு வகை ஏமாற்று: 'ஓர் எண்ணையும் அதை இடம் மாற்றிய எண்ணையும் கூட்டினால் 99. இலக்கங்களின் கூடுதல் 9. எண் யாது?' பார்க்க இரண்டு தகவல் மாதிரி இருக்கிறது. எழுதிப் பார்த்தால் முதல் வாக்கியம் 11ப + 11ஒ = 99. பதினொன்றால் வகுத்தால் ப + ஒ = 9. இரண்டாவது வாக்கியமும் அதுவேதான்! ஒரே செய்தியை இரண்டு தடவை சொல்லியிருக்கிறார்கள். 18, 27, 36 என்று தொடங்கி 90 வரை ஒன்பது எண்களும் பொருந்தும் (90ஐத் திருப்பினால் 09 என்று ஒப்புக்கொண்டால்). மாறி இரண்டு என்றால், ஒன்றோடொன்று ஒட்டாத இரண்டு தகவல்கள் வேண்டும். வாக்கியம் இரண்டு இருக்கிறதே என்று நம்பிவிடக் கூடாது.

சுருக்கமாக, விடை கையில் வந்ததும் மூன்றைப் பாருங்கள்: முழு எண்ணா, ஒன்பதுக்குள் இருக்கிறதா, முதல் இலக்கம் பூஜ்யம் இல்லையா.

பெருக்கற்பலன்

"இலக்கங்களின் பெருக்கற்பலன் 18. எண்ணிலிருந்து 63ஐக் கழித்தால் இலக்கங்கள் இடம் மாறும்." இங்கேதான் அக்கா மகள் ஆசைப்பட்ட பஒ நியாயமாக வருகிறது: பஒ = 18. 63ஐ ஒன்பதால் வகுத்தால் 7, ஆகவே ப = ஒ + 7. பிரதியிட்டால் ஒ(ஒ + 7) = 18. இதை இருபடிச் சமன்பாடாக்கினால் ஒ = 2 அல்லது ஒ = −9 என்று வரும். மைனஸ் ஒன்பது இலக்கம் இல்லை, தள்ளிவிடலாம். எண் 92.

தேர்வில் என்னைக் கேட்டால் இருபடிச் சமன்பாட்டுக்கே போக மாட்டேன். பெருக்கினால் 18 வரும் இலக்க ஜோடிகள் இரண்டுதான்: 2, 9 மற்றும் 3, 6. வித்தியாசம் 7 எதில்? முடிந்தது. இலக்கங்கள் பத்தே பத்து என்பது சில சமயம் நமக்குத்தான் சாதகம்.

மூன்று இலக்கம்

நூறுகள் இடத்துக்கு 'நூ' என்று வைத்தால் எண் 100நூ + 10ப + ஒ. திருப்பிய எண் 100ஒ + 10ப + நூ. இரண்டையும் கழித்தால் நடு இலக்கம் அடிபட்டுப் போய்விடும்; அது நின்ற இடம் மாறவே இல்லையே. மிஞ்சுவது 99இன் மடங்கு. ஒரு ரூபாய் நூறு ரூபாயாக மாறினால் 99 ரூபாய் லாபம், அதே கதை.

"மூவிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 14. நடு இலக்கம் மற்ற இரண்டின் கூடுதலுக்குச் சமம். திருப்பி எழுதினால் 297 கூடும்." நடு இலக்கமும் மற்ற இரண்டின் கூடுதலும் சமம், மொத்தம் 14; ஆக நடு இலக்கம் 7, மற்ற இரண்டும் சேர்ந்து 7. 297ஐ 99ஆல் வகுத்தால் 3. கூடுதல் 7, வித்தியாசம் 3: 5, 2. திருப்பினால் எண் பெரிதாகிறது, ஆகவே 2 முன்னால். எண் 275.

இந்த 275ஐ இன்னும் ஒரு நொடி பாருங்கள். 25 × 11 = 275. 25ஐப் பிளந்து நடுவில் 2 + 5ஐச் செருகினால் 275. பதினொன்றால் மனக்கணக்காகப் பெருக்கும் உத்தி இதுதான். நடு இலக்கம் ஓரங்களின் கூடுதலாக இருந்தால் 100நூ + 10(நூ + ஒ) + ஒ, அதாவது 110நூ + 11ஒ. பதினொன்று தானாக வெளியே வருகிறது.

இலக்கத்துக்கு ஓர் எழுத்து என்று கட்டாயமா?

இல்லை. எனக்கு மிகவும் பிடித்த கணக்கு இதைத்தான் காட்டும்: "ஆறிலக்க எண் ஒன்றின் முதல் இலக்கம் 1. அந்த 1ஐ எடுத்துக் கடைசியில் வைத்தால் எண் மூன்று மடங்காகிறது. எண் யாது?"

ஐந்து இலக்கங்கள் தெரியாது. ஐந்து மாறி வைத்தால் மூச்சு முட்டும். ஆனால் அந்த ஐந்தும் கலையாமல் சேர்ந்தே நகர்கின்றன. ஆகவே ஐந்தையும் சேர்த்து ஒரே எண்ணாக 'ம' என்று வைப்போம். 1 முன்னால் இருக்கும்போது அது லட்சத்தின் இடத்தில் நிற்கிறது: 1,00,000 + ம. அது கடைசிக்குப் போனால் மற்ற ஐந்தும் ஓர் இடம் முன்னால் தள்ளி நிற்கும், பத்து மடங்காகும்: 10ம + 1.

10ம + 1 = 3(1,00,000 + ம)

7ம = 2,99,999

ம = 42,857

எண் 142857. மூன்றால் பெருக்கினால் 428571. ஒன்று கடைசிக்குப் போய்விட்டது, மற்றவை வரிசை குலையாமல் நிற்கின்றன.

அக்கா மகளுக்கு இது நம்ப முடியவில்லை. முதல் இலக்கத்தை 2 என்று மாற்றி அவளே போட்டுப் பார்த்தாள். 7ம = 5,99,998; ம = 85,714. எண் 285714, அதன் மூன்று மடங்கு 857142. இரண்டு கடைசிக்குப் போனது. அடுத்து 3. 7ம = 8,99,997; வகுத்தால் 1,28,571. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். விரல் விட்டு எண்ணினாள்.

"அஞ்சு இலக்கம் இருக்க வேண்டிய இடத்துல ஆறு இருக்கு மாமா. இது உக்காராது" என்று சொல்லிக் கோடு போட்டு அடித்தாள்.